சுட்ட சிப்பியின் சூடு

எங்கள் குசினிக்குள் இரசாயனம் வந்தது ஒரு மாசி மாதம். காலபோக வெள்ளாண்மை வெட்டி, சூடு மிதித்து, நெல் மூட்டைகள் வீட்டுக்குள் ஏறி, பிள்ளையாருக்குப் புது அரிசியில் பொங்கலும் வைத்துவிட்டு மனம் நிறைந்திருந்த நேரம். அந்த நிறைவுக்குள் என் மனுசி வந்து கேட்டாள்: "இஞ்சாருங்கோ, எனக்கு ஒரு கடகம் உமியும் கொஞ்சம் நீறாத சுண்ணாம்பும் வேணும்."

வெற்றிலை போடாத மனுசி சுண்ணாம்பு கேட்டால் யாருக்குத்தான் யோசனை வராது?

அறுபதுகளின் நடுப்பகுதி அது. நாங்கள் யாழ்ப்பாணத்தை விட்டு வந்து, மாங்குளத்திலிருந்து முல்லைத்தீவுக்குப் போகிற றோட்டுக்கு உள்ளே ஒரு குளத்துக் குடியேற்றத்தில் காணி எடுத்திருந்தோம். நான் எட்டாம் வகுப்போடு புத்தகத்தை மூடியவன். மனுசி அப்படியில்லை. பெரிய பெண்கள் பள்ளிக்கூடத்தில் விஞ்ஞானம் படித்து, மேல்வகுப்புச் சோதனையும் எழுதினவள். கலியாணத்தன்று அவளுடைய மாமி ஒருத்தி என் காது கேட்கவே, "படிச்ச பெட்டையைக் கொண்டுபோய்க் காட்டுக்குள்ளை விடப்போறாங்கள்" என்று சொல்லி மூக்கைச் சிந்தினா. மனுசி காட்டைப் பற்றி ஒரு நாளும் முறைப்பாடு சொன்னதில்லை. குடியேற்றப் பள்ளிக்கூடத்தில் சின்னப் பிள்ளைகளுக்கு ஆனா ஆவன்னாவும் கூட்டல் கழித்தலும் சொல்லிக்கொடுத்தாள். ஆனால் அவள் கொண்டுவந்த விஞ்ஞானப் புத்தகங்கள் அலுமாரியில் கறையான் ஏறாமல் இருந்தன. மாதத்துக்கு ஒருக்கால் எடுத்து வெயிலில் வைப்பாள். அதைப் பார்க்கும்போதெல்லாம் அந்த மாமியின் சொல் எனக்கு ஞாபகம் வரும்.

அந்த வருசம் எங்கள் பள்ளிக்கூடத்தில் பெரிய வகுப்பு வரவேணும். வருமோ வராதோ என்பது விஞ்ஞானத்தில் தொங்கிக்கொண்டிருந்தது. விஞ்ஞானம் படிப்பிக்க ஆள் இருக்கிறது என்று கல்விக் கந்தோரிலிருந்து வித்தியாதிகாரி வந்து பார்த்து ஒப்புக்கொண்டால் வகுப்பைத் தொடங்கலாம். இல்லாவிட்டால் வசதியுள்ள பிள்ளைகள் யாழ்ப்பாணத்து விடுதிக்குப் போகும். வசதியில்லாததுகள் புத்தகத்தை மூடிவிட்டு வயலில் இறங்கும், என்னைப்போல. தலைமை வாத்தியார் எல்லாரையும் கூப்பிட்டு, "ஒரு பாடத்தை அவருக்கு முன்னாலை செய்து காட்ட வேணும். ஆர் செய்யிறியள்?" என்று கேட்டாராம். ஆண் வாத்திமார் எல்லாரும் நிலத்தைப் பார்த்தார்களாம். மனுசி, "நான் செய்யிறன்" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டாள்.

"என்னத்தைச் செய்து காட்டப்போறீர்?" என்று கேட்டேன்.

"ஆக்கவெப்பம்."

"காந்தத்தாலை ஆணியைத் தூக்கிக் காட்டலாமே. பிள்ளையளும் கை தட்டும்."

"அது பகிடி காட்டிறது. பாடமெண்டாக் கணக்கு வரவேணும்." பிறகு கொஞ்சம் குரலை இறக்கி, "இந்த ஒரு தரம்தான் எனக்குக் கிடைக்கும்" என்றாள்.

அதற்குப் பிறகு நான் காந்தத்தைப் பற்றிக் கதைக்கவில்லை.

அன்று பின்னேரம் அடுப்படியில் இருந்து எனக்கு விளங்கப்படுத்தினாள். கல்சியம் என்று ஓர் உலோகம், ஒட்சிசன், ஐதரசன் என்று இரண்டு வாயுக்கள். இந்த மூன்றும் சேர்ந்ததுதான் தண்ணீர் பட்டு நீறின சுண்ணாம்பு. சேரும்போது வெப்பம் வெளியே வரும்; அதுதான் ஆக்கவெப்பம். எவ்வளவு வருகிறது என்று கணக்குப் பார்க்கவேணும்.

"அப்ப மூண்டையும் ஒரு சட்டியிலை போடும்."

"போட ஏலாது. ஐதரசன் வெடிச்சு வீடு பறக்கும்."

"பேந்தென்னெண்டு கணக்குப் பாக்கிறது?"

"நீங்கள் முல்லைத்தீவுக்கு எந்த றோட்டாலை போவியள்?"

"எங்கடை றோட்டாலை, நேரை."

"புளியங்குளம் போய் அங்காலை திரும்பியும் போகலாம்தானே?"

"போகலாம். விசரன்தான் அப்பிடிப் போவான்."

"விசரன் போகட்டும். மைல் கூடும். ஆனா எங்கடை வளவு கடலிலையிருந்து எவ்வளவு உயரமோ, எந்த றோட்டாலை போனாலும் மொத்தத்திலை அவ்வளவுதானே இறங்குவியள்? அது மாறுமோ?"

மாறாது என்றேன்.

"வெப்பமும் அப்பிடித்தான். தொடங்கிற இடமும் முடியிற இடமும் ஒண்டெண்டா, நேரை போனாலும் சுத்திப் போனாலும் மொத்த வெப்பம் ஒண்டுதான். நேரை போக ஏலாட்டி நாங்கள் சுத்திப் போவம். கல்சியமும் ஒட்சிசனும் சேந்து நீறாத சுண்ணாம்பு வாற வெப்பம் புத்தகத்திலை இருக்கு. ஐதரசனும் ஒட்சிசனும் சேந்து தண்ணி வாற வெப்பமும் இருக்கு. மிச்சம் ஒரு துண்டு றோட்டுத்தான். நீறாத சுண்ணாம்பிலை தண்ணி விட்டா வாற வெப்பம். அதை எங்கடை குசினியிலை அளக்கலாம். மூண்டையும் கூட்டினாச் சரி."

பொருளுக்குள் இருக்கிற இந்த வெப்பத்துக்கு வெப்பவுள்ளுறை என்று பெயராம். அந்தச் சொல் எனக்கு உடனே பிடித்துக்கொண்டது. கல்லுக்குள்ளும் ஒருவர் உறைகிறார் என்று தினம் கற்பூரம் கொளுத்துகிறவன் நான். கல்லுக்குள் சூடும் உறைகிறது என்றால் ஏன் நம்பமாட்டேன்?

ஏற்பாடுகள் தொடங்கின. பனையோலைக் கடகத்துக்குள் உமியை நிரப்பி, நடுவில் ஒரு மூடியுள்ள தகரத்தை இறக்கினோம். உமி சூட்டை வெளியே விடாது. வெப்பமானி ஒன்றை அவளுடைய தங்கச்சி தன் பழைய பள்ளிக்கூடத்தில் கேட்டு வாங்கி, சேலைக்குள் சுற்றி, றெயிலில் கொண்டுவந்தாள். மாங்குளம் ஸ்ரேசனில் அதை இறக்கும்போது, பிறந்த பிள்ளையை வாங்குகிறமாதிரி இரண்டு கையாலும் வாங்கினேன். தண்ணீர் அளக்க நாங்கள் பால் அளக்கிற பேணிதான். மனுசி அதில் விளிம்புவரை தண்ணீர் விட்டுக் கடைத் தராசில் நிறுத்து, அவுன்சைக் கிராமாக்கி, ஒரு பேணி இத்தனை கிராம் என்று எடுத்துவைத்தாள். ஒரு கிராம் தண்ணீரை ஒரு பாகை சூடாக்குவது ஒரு கலோரி. ஆகவே தண்ணீர் எவ்வளவு, எத்தனை பாகை ஏறினது என்று தெரிந்தால் வெப்பம் தெரியும். அவ்வளவுதான் கணக்கு. எனக்கே விளங்கிவிட்டது என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

முதலில் மாங்குளத்துக் கடைச் சுண்ணாம்பைப் போட்டோம். வெப்பமானி அசையவில்லை. நான் அதைத் தட்டிப் பார்த்தேன்.

"அதைத் தட்டாதேங்கோ! வெப்பமானியிலை பிழையில்லை. இது எப்பவோ தண்ணி குடிச்ச சுண்ணாம்பு. தன்ரை சூட்டைக் கடைக்காரன்ரை வீட்டிலை குடுத்து முடிச்சிட்டுத்தான் வந்திருக்கு."

ஆகவே நான் முல்லைத்தீவுக்கு பஸ் ஏறினேன். கடற்கரையில் சிப்பி சுட்டுச் சுண்ணாம்பு எடுக்கிற ஒரு வேதக்காரர் எனக்குப் பழக்கம். எங்கள் பிள்ளையார் கோயில் சுவருக்குப் பூசி வெள்ளை அடித்த சுண்ணாம்பு அவருடைய சூளையில் சுட்டதுதான். நான் போய்ச் சேர்ந்தபோது சூளை ஆறியிருந்தது. அவர் சாம்பலைத் தள்ளிச் சுட்ட சிப்பியை வாரிக்கொண்டிருந்தார். அவருடைய மனுசி தென்னை நிழலில் பச்சைச் சிப்பி கழுவிக்கொண்டிருந்தா.

"என்ன தம்பி, பிள்ளையாருக்குத் திரும்பவும் வெள்ளையோ?"

"இல்லை அண்ணை. இந்த முறை மனுசிக்கு."

"மனுசிக்கு வெள்ளை அடிக்கவோ?"

"வாயை மூடிக்கொண்டு சிப்பியை அள்ளுங்கோ" என்று நிழலிலிருந்து குரல் வந்தது. "உங்கடை மூஞ்சிக்குத்தான் முதல் அடிக்க வேணும்."

நான் விசயத்தைச் சொன்னேன். நீற்றாமல் வேணும் என்றதும் அவர் மண்வெட்டியைக் கீழே வைத்தார். "நாங்கள் சுடுறதே தண்ணி விட்டு நீத்தத்தானே. பச்சையாக் கொண்டுபோய் என்ன செய்யப் போறாய்?"

"அதுக்குள்ளை எவ்வளவு சூடு இருக்கெண்டு அளக்கப்போறா."

"எவ்வளவு இருக்கெண்டோ?" முழங்கையைத் திருப்பிப் பழைய கொப்புளத் தழும்பைக் காட்டினார். "இவ்வளவு இருக்கெண்டு சொல்லு. பஸ் காசு மிச்சம்."

ஆனால் மனுசன் விசயம் அறிந்தவர். சுட்ட சிப்பி காற்றில் இருந்தாலே ஈரத்தை இழுத்து நீறிவிடும் என்று சொல்லி, நன்றாக வெந்த வெள்ளைச் சிப்பியாகப் பொறுக்கி ஒரு பிஸ்கற் ரின்னுக்குள் இறுக்கினார். அவருடைய மனுசி உள்ளே போய், மாதா கோயிலில் எரிந்து மிஞ்சின மெழுகுதிரித் துண்டுகளைக் கொண்டுவந்து உருக்கி, மூடியைச் சுற்றி வார்த்தா. "மாதாவுக்குக் கொளுத்தின திரி. உங்கடை மனுசிக்கு நல்லாத்தான் வரும்" என்றா. நான் அந்த ரின்னைக் கண்ணில் ஒற்றிக்கொண்டேன். யாருக்குக் கொளுத்தினால் என்ன, வெளிச்சம் ஒன்றுதானே.

திரும்பி வரும் பஸ்ஸில் பக்கத்தில் ஒரு மீன்காரி அம்மா. அவவின் கடகத்திலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டே வந்தது. ரின்னை மடியில் வைத்தேன்; சொட்டு மடிக்கு வந்தது. ரின்னைத் தலைக்கு மேல் தூக்கினேன்.

"என்ன தம்பி, சாமியே?"

"இல்லையம்மா, சுண்ணாம்பு. தண்ணி பட்டாச் சுடும்."

அவ சட்டென்று கடகத்தை இழுத்துத் தன் மறுபக்கத்தில் வைத்துக்கொண்டு, பஸ் முழுக்கக் கேட்க, "கொண்டக்டர்! இந்த மனுசன் நெருப்புக் கொண்டுவாறார்!" என்றா. மிச்சப் பயணம் முழுக்க எனக்கு அந்த ஆசனம் தனி ஆசனம். கைதான் விறைத்துப்போனது.

வீட்டில் இறங்கின கையோடு பரிசோதனை. மனுசி ஒரு கையில் வெப்பமானி, மறுகையில் நிறுத்துத் தூளாக்கின சிப்பி. தண்ணீர் அளந்து ஊற்றுகிற வேலை எனக்கு, இரண்டு பேணி. ஊற்றினேன். சிப்பித் தூளைப் போட்டு மூடினாள். தகரத்துக்குள் 'உஸ்' என்று ஒரு மூச்சு. வெப்பமானி ஏற ஏற அவளுடைய கண்ணும் அதோடு ஏறினது. எனக்கு அந்த முகத்தைப் பார்க்கவே போதுமாயிருந்தது.

பிறகு கணக்குப் பார்த்தாள். முகம் இறங்கினது.

"பதின்மூண்டு."

"நல்லதுதானே?"

"பதினைஞ்சுக்கு மேலை வரவேணும். ஐம்பத்தாறு கிராம் சுண்ணாம்புக்கு, ஆயிரம் கலோரிக் கணக்கிலை. கொஞ்சம் குறையலாம், இவ்வளவு குறையக்கூடாது."

அடுத்த நாளும் செய்தோம். பதின்மூன்று. உமியை மாற்றினோம், மூடிக்குத் துணி சுற்றினோம், சிப்பியை இன்னும் பொடியாக்கினோம். பதின்மூன்றுதான். ஒரு தரமாவது பன்னிரண்டோ பதினாலோ வந்தால், கை தவறினது என்று சொல்லலாம். ஒழுங்காகக் குறைந்துகொண்டிருந்தது, கடமை தவறாத ஆள் மாதிரி.

நான் ஆறுதல் சொல்லப் பார்த்தேன். "மூண்டையும் கூட்டினா இருநூத்தி முப்பத்தைஞ்சுக்குக் கிட்ட எண்டீர். அதுக்குள்ளை ரெண்டு குறைஞ்சா ஆருக்குத் தெரியும்?"

"எனக்குத் தெரியும்."

"பிள்ளையாருக்கு ஒரு தேங்காய் அடிக்கிறன்."

"அடியுங்கோ. அந்தத் தண்ணியையும் பேணியாலை அளக்கிறதோ?" என்று சிரிக்கப் பார்த்தாள். சிரிப்பு பாதியில் நின்றது. "வித்தியாதிகாரி விஞ்ஞானம் படிச்ச மனுசனாம். எங்கை பிழை எண்டு அவர் கேட்டா நான் என்ன சொல்லிறது? தெரியாதெண்டோ? தெரியாத ஆளை நம்பி வகுப்புத் தருவாரோ?"

நான் கோயிலுக்குப் போனேன். பிள்ளையாரிடம் பெரிதாக ஒன்றும் கேட்கவில்லை. "இவளுக்கு அந்த மிச்ச ரெண்டையும் காட்டிவிடு, அப்பனே" என்று மட்டும் கேட்டேன்.

வித்தியாதிகாரி வருவதற்கு முதல் நாள் பின்னேரம். பக்கத்துக் காணி அக்கா பால் வாங்க வந்தா. நான் மாட்டுக்கு வைக்கோல் போட்டுக்கொண்டிருந்தபடியால் மனுசி பேணியை எடுத்தாள்.

"வேண்டாம் பிள்ளை, நீ வை. தம்பி வரட்டும்" என்றா அக்கா.

"ஏனக்கா? நானும் இதே பேணியாலைதானே அளக்கிறன்?"

"பேணி ஒண்டுதான். கை ஒண்டோ? நீ பேணியோடை நிப்பாட்டிப் போடுவாய். தம்பியெண்டா அளந்து ஊத்திப்போட்டு, மேலை ஒரு வார்வை விடுவார். அந்த வார்வையிலைதான் என்ரை பின்னேரத் தேத்தண்ணி."

மனுசி பேணியைக் கீழே வைத்தாள். முகத்தில் ஒரு மாதிரி வெளிச்சம்.

"இஞ்சாருங்கோ, கெதியா வாங்கோ. பரிசோதனைக்குத் தண்ணி அளந்தமாதிரி ஒருக்கா அளந்து காட்டுங்கோ."

நான் கையைக் கழுவிவிட்டு வந்து, குடத்திலிருந்து பேணியில் விளிம்புவரை விட்டுத் தகரத்துக்குள் ஊற்றினேன். ஊற்றிவிட்டு, என்னை அறியாமலே, குடத்தைச் சரித்து மேலே ஒரு வார்வை. இரண்டாவது பேணி. மேலே ஒரு வார்வை.

நெல்லென்றாலும் பாலென்றாலும் எங்கள் வீட்டுக் கை அப்படித்தான் பழகினது. அம்மா அப்படி, ஐயா அப்படி. அளவோடு நிறுத்துகிற கையை எங்கள் பக்கத்தில் யாரும் விரும்பமாட்டார்கள். பேணி மற்றவனுடைய பங்கு, மேலே விடுவது நம்முடைய மனம். எனக்கு அது அளவிலேயே சேர்த்தியில்லை.

மனுசி நிலத்தில் இருந்துவிட்டாள். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். கண்ணால் தண்ணீர் ஓடச் சிரித்தாள். "தண்ணி கூடினா... சூடு பரவும்... பாகை குறையும்... நான் ரெண்டு பேணியெண்டு கணக்குப் பாக்க... பதின்மூண்டு! எல்லா நாளும் பதின்மூண்டு!"

அக்கா பயந்துபோய், "என்னடி பிள்ளை, பால் பழுதோ?" என்றா.

"இல்லையக்கா, பால் நல்லது. இவரின்ரை கைதான் நல்லாக் கூடிப்போச்சு!"

எனக்கு வெட்கமாய்த்தான் இருந்தது. ஆனால் அந்தச் சிரிப்பைக் கேட்டு எத்தனையோ நாளாயிற்று. நானும் சிரித்தேன். அக்காவும் ஏனென்று தெரியாமலே சிரித்தா. அக்காவுக்கு அன்று இரண்டு வார்வை விட்டேன்.

உடனேயே திரும்பச் செய்தோம். இந்த முறை மனுசி பேணியின் விளிம்பை ஓர் ஈர்க்கால் வழித்துவிட்டு ஊற்றினாள். நான் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றேன். பதினாலரை. அவள் வெப்பமானியைத் துடைத்துத் துணியில் சுற்றிக்கொண்டு சொன்னாள்: "தருமம் செய்யுங்கோ, வேண்டாமெண்டு சொல்லேல்லை. என்ரை தகரத்துக்குள்ளை செய்யாதேங்கோ."

அடுத்த நாள் நான் வயலுக்குப் போகவில்லை. கடகத்தைச் சைக்கிளில் கட்டிப் பள்ளிக்கூடத்தில் கொண்டுபோய் இறக்கிவிட்டு, அரைச் சுவருக்கு வெளியே வேம்புக்குக் கீழே நின்றேன். தாய் தகப்பன்மார் இன்னும் சில பேரும் நின்றார்கள். வித்தியாதிகாரி கோட்டுப் போட்டு வியர்த்துக்கொண்டு வந்து கதிரையில் இருந்தார். தலைமை வாத்தியார் இளநீர் கொடுத்தார். அவர் வாங்கிப் பக்கத்தில் வைத்துவிட்டு, "தொடங்குங்கோ ரீச்சர்" என்றார்.

மனுசியின் குரல் முதலில் கொஞ்சம் நடுங்கினது. றோட்டுக் கதையைத் தொடங்கினதும் நடுக்கம் போய்விட்டது. பிள்ளைகள் எல்லாருக்கும் புளியங்குளம் தெரியும், முல்லைத்தீவு தெரியும். "சுத்திப் போனா விசரன் ரீச்சர்!" என்று ஒரு பெட்டை கத்தினாள். "இண்டைக்கு நாங்கள் எல்லாரும் விசரர்தான்" என்றாள் மனுசி. வித்தியாதிகாரியின் மீசை கொஞ்சம் அசைந்தது.

சிப்பித் தூள் உள்ளே போனது. தகரம் மூச்சு விட்டது. பாகை ஏறினது. கரும்பலகையில் கணக்கு இறங்கினது. பதினாலரை.

வித்தியாதிகாரி எழும்பினார். கோட்டைக் கழற்றிக் கதிரையில் போட்டார். "திரும்பச் செய்யுங்கோ. இந்த முறை தண்ணியை நான் ஊத்திறன்" என்றார்.

தலைமை வாத்தியாருக்கு முகம் வெளிறிப் போனது. மனுசி பேணியையும் ஈர்க்கையும் நீட்டினாள். அவர் பேணியை நிரப்பினார், விளிம்பை வழித்தார், தகரத்துக்குள் ஊற்றினார். எல்லாம் ஒழுங்கு. ஊற்றிவிட்டு, என் பிள்ளையாரே, குடத்தைச் சரித்து மேலே ஒரு வார்வை விட்டார்!

"ஐயா, கூடிப்போச்சு!" வகுப்பு முழுக்க ஒரே குரல்.

மனுசன் கையில் குடத்தோடு திகைத்து நின்றார். தான் என்ன செய்தார் என்று அவருக்கே பிடிபட ஒரு நிமிசம் எடுத்தது. பிறகு சிரித்தார் பாருங்கள், கோட்டோடு வந்த ஆளா இது என்று நினைக்கிறமாதிரி. "எங்கடை அம்மா மோர் விக்கிறவா. நான்தான் அளந்து குடுக்கிறது" என்றார். வெளியே நின்ற நாங்கள் எல்லாரும் சிரித்தோம். நான் மற்றவர்களை விடக் கொஞ்சம் கூடத்தான் சிரித்தேன். எனக்கு ஒரு துணை கிடைத்துவிட்டது.

ஆனால் அவர் விடவில்லை. தண்ணீரை மாற்றிச் சரியாக ஊற்றி, திரும்பவும் பதினாலரைக்குக் கிட்ட வந்த பிறகு கேட்டார்: "புத்தகத்திலை பதினைஞ்சரை. ஒண்டு எங்கை ரீச்சர்?"

"தகரத்தைச் சூடாக்கினதிலை கொஞ்சம், உமிக்குள்ளை போனதிலை கொஞ்சம், ஐயா. சிப்பியிலை சரியா வேகாத துண்டும் இருக்கும். எங்களுக்கு வந்தது பதினாலரை. அதைத்தான் நான் எழுதுவன்."

அவர் தலையை ஆட்டினார். "சரி. இந்தச் சிப்பியைச் சூளையிலை சுட எவ்வளவு வெப்பம் குடுக்க வேணும்?"

"நாற்பத்திரண்டுக்கு மேலை, ஐயா."

"நாற்பத்திரண்டைக் குடுத்திருக்கு. தண்ணி விட்டாப் பதினைஞ்சைத்தானே திருப்பித் தருது? மிச்சம் எங்கை போச்சு?"

இதை நாங்கள் குசினியில் கதைக்கவில்லை. வேம்பில் சாய்ந்து நின்ற நான் நிமிர்ந்தேன். அவள் கரும்பலகையைப் பார்த்தாள். பிறகு அரைச் சுவருக்கு மேலால் வெளியே பார்த்தாள். என்னைத்தான் பார்க்கிறாள் என்று நினைத்தேன். இல்லை. எனக்குப் பின்னால், வயலுக்கு அங்கால், கோயில் சுவர் வெயிலில் வெள்ளையாய் நின்றது.

"பிள்ளையள், அந்தச் சுவரிலை கை வைச்சா என்னமாதிரி இருக்கும்?"

"கல்லு மாதிரி, ரீச்சர்."

"பூசிற நேரம்?"

"கூழ் மாதிரி."

"கூழ் கல்லாகிறது சும்மா காய்ஞ்சில்லை. சூளையிலை சிப்பியை விட்டுப் போன வாயு, காத்திலையிருந்து திரும்பவும் அதுக்குள்ளை வருது. சுண்ணாம்பு திரும்பச் சிப்பியாகுது. அந்த நேரம் மிச்ச வெப்பம், இருபத்தேழளவு, வெளியிலை வருது. மாதக் கணக்கிலை, மெல்ல மெல்ல வாறபடியால் ஒருத்தருக்கும் சுடாது." அவள் வித்தியாதிகாரியின் பக்கம் திரும்பினாள். "போன றோட்டாலையே திரும்பி வந்திட்டுது, ஐயா. மிச்சம் ஒண்டுமில்லை."

அவர் அரைச் சுவருக்குக் கிட்ட வந்து அந்தக் கோயில் சுவரைப் பார்த்தார். நானும் திரும்பிப் பார்த்தேன். எத்தனை நாள் அந்தச் சுவருக்குப் பக்கத்தில் நின்று கும்பிட்டிருப்பேன். சூளைச் சூடு எனக்குத் தெரியாமல் பக்கத்தில் வந்து போய்க்கொண்டிருந்திருக்கிறது. எனக்குக் கண் கலங்கிவிட்டது. பக்கத்தில் நின்றவர், "தூசு விழுந்திட்டுதோ?" என்று கேட்டார். ஓம் என்றேன்.

வித்தியாதிகாரி ஒரே மூச்சில் இளநீரைக் குடித்தார். தலைமை வாத்தியாரிடம், "வகுப்பைத் தொடங்குங்கோ. விஞ்ஞானத்துக்கு இந்த ரீச்சர்தான்" என்றார். கோட்டைத் தோளில் போட்டுக்கொண்டு போனார்.

பிள்ளைகள் மனுசியைச் சுற்றிக்கொண்டார்கள். ஒருத்தருக்கு வெப்பமானி வேணும், ஒருத்தருக்குத் தகரத்துக்குள் கை விட்டுப் பார்க்கவேணும். நான் உள்ளே போகவில்லை. அது அவளுடைய இடம்.

வகுப்புத் தொடங்கின நாள், விடியப் பள்ளிக்கூடத்து வாசலில் ஒருவர் றங்குப்பெட்டி ஒன்றைத் தலையில் வைத்துக்கொண்டு மகளோடு நின்றார். 'விசரன்' என்று கத்தின பெட்டையின் தகப்பன். யாழ்ப்பாணத்து விடுதிக்கென்று மகளுக்கு வாங்கின பெட்டி, பச்சை வர்ணம், பூட்டுக்கூடத் திறக்காத புதுசு.

"ரீச்சர், பிள்ளை இனி வீட்டிலை நிண்டு படிக்கப்போறாள். இது எங்களுக்கு என்னத்துக்கு? உங்கடை சாமான் வைக்க அலுமாரி இல்லையெண்டு அவள் சொன்னவள்."

மனுசி பெட்டியைத் திறந்தாள். புதுத் தகரத்தின் மணம் வந்தது. வெப்பமானியை உள்ளே வைத்தாள், சிப்பி ரின்னை வைத்தாள். பிறகு பெட்டியை ஒரு பக்கம் அவளும் மறுபக்கம் அந்தப் பெட்டையுமாகத் தூக்கிக்கொண்டு உள்ளே போனார்கள். பெட்டை கேட்டது சைக்கிளோடு வெளியே நின்ற எனக்குக் கேட்டது: "ரீச்சர், இண்டைக்கு என்னத்தைச் சுடப்போறம்?"